சவுண்டீஸ் பிலிம் கையில் கிடைத்தால்: டப்பாவைத் திறப்பது முதல் இணையத்தில் ஏற்றுவது வரை

அமெரிக்காவில் வீட்டுச் சாமான் விற்பனைகளிலும் இணைய ஏலத்திலும் “பழைய ஜாஸ் பிலிம், 16 எம்எம், ஓடுமா தெரியாது” என்ற சீட்டோடு சின்னத் தகர டப்பாக்கள் வரும். உள்ளே இருப்பது பல சமயம் சவுண்டீஸ், அதாவது 1940களில் பனோரம் என்ற காசு போட்டுப் பார்க்கும் பெட்டிக்காக எடுத்த மூன்று நிமிடப் பாட்டுப் படம். வாங்கியவர் ஆசையாக ப்ரொஜெக்டரில் மாட்டுவார். எழுத்து இடவலம் மாறித் தெரியும், உதடும் பாட்டும் ஒட்டாது, தலைப்புக்கும் பாட்டுக்கும் சம்பந்தம் இருக்காது. உடனே ‘சரிசெய்ய’ உட்காருவார். பிலிம் கெடுவது அப்போதுதான்.

இந்தச் சுருள்களை டிஜிட்டலாக்கும் மேசையில் உட்கார்ந்து பழகியவன் நான். புதிதாக வருகிறவர்கள் ஏறக்குறைய ஒரே இடங்களில்தான் தடுக்கி விழுகிறார்கள். படிகளின் வரிசையை மாற்றாதீர்கள். ஒவ்வொன்றும் அடுத்ததைக் காப்பாற்றுகிறது.

1. முதலில் பெட்டியை மனதில் ஓட்டிப் பாருங்கள்

சிகாகோவின் மில்ஸ் நாவல்டி கம்பெனி செய்த பனோரம், ஆளுயரத்தைத் தாண்டிய மரப்பெட்டி. கீழே 16 எம்எம் ப்ரொஜெக்டர், நடுவில் கண்ணாடிகள், மேலே பின்னாலிருந்து ஒளி விழும் திரை. 10 சென்ட் போட்டால் ஒரு பாட்டு. எட்டுப் படங்களை ஒரே வளையமாக ஒட்டியிருப்பார்கள். எது வேண்டும் என்று கேட்க முடியாது. வரிசையில் அடுத்து எது நிற்கிறதோ அதுதான்.

பிலிமில் நீங்கள் காணப்போகும் விநோதங்கள் பெரும்பாலும் இந்தப் பெட்டியால் வந்தவை. கண்ணாடியில் பட்டுத் திரும்பும் என்பதால் பிரதியிலேயே படத்தை இடவலம் மாற்றி அச்சிட்டார்கள். வளையம் என்பதால் ஒவ்வொரு படத்துக்கும் தனி லீடர், அதாவது முனையில் ஒட்டும் வெற்றுப் பிலிம், கிடையாது. நம் சினிமாப் பாட்டைப் போலவே முதலில் ஒலிப்பதிவு, பிறகு கேமரா முன் வாயசைப்பு. அதுவும் கடகடவென்று எடுத்து முடித்த படங்கள். ஆகவே எது பழுது, எது பெட்டியின் குணம் என்று பிரித்துப் பார்க்காமல் கத்திரிக்கோலைத் தொடக் கூடாது.

2. மேசைக்கு முன்கூட்டியே வர வேண்டியவை

நைட்ரைல் கையுறை, கையால் சுற்றும் ரீவைண்டர் ஒரு ஜோடி, லைட் பாக்ஸ், பத்து மடங்கு உருப்பெருக்கும் லென்ஸ், மில்லிமீட்டர் போட்ட ஒரு மீட்டர் ஸ்டீல் ஸ்கேல், 16 எம்எம் டேப் ஸ்ப்ளைசர், வெள்ளை லீடர், பஞ்சு உதிராத துணி, பிலிம் துடைக்கும் திரவம்.

இன்னொன்றும் வேண்டும், இதைத்தான் எல்லோரும் விட்டுவிடுவார்கள்: சாதாரண 16 எம்எம் பேசும் படத்தின் ஒரு முழத் துண்டு. பள்ளிக்கூடப் பாடப் படமோ விளம்பரமோ, எதுவானாலும் சரி. நாலாவது படியில் இது இல்லாமல் கை ஓடாது.

ப்ரொஜெக்டரைப் பட்டியலில் சேர்க்கவில்லை. மறந்து விட்டதல்ல.

3. ஓட்டாதீர்கள், மோந்து பாருங்கள், அளந்து பாருங்கள்

டப்பாவைத் திறந்ததும் மூக்குதான் முதல் கருவி. புளிக்காடி வாடை வந்தால் அசிட்டேட் பிலிம் சிதைய ஆரம்பித்துவிட்டது. 16 எம்எம் பிலிம் எரியும் நைட்ரேட்டாக இருக்குமோ என்று பயப்படத் தேவையில்லை, ஆனால் இந்த அமில வாடை பக்கத்து டப்பாக்களுக்கும் பரவும். உடனே தனியாக வையுங்கள். எவ்வளவு முற்றியிருக்கிறது என்று அறிய ஏ-டி ஸ்ட்ரிப் என்ற நிறம் மாறும் காகிதத்தை மூடிய டப்பாவுக்குள் போட்டு வைக்கலாம். நீலம் நல்லது; பச்சையாகி மஞ்சளை நோக்கிப் போகப்போக ஸ்கேன் வரிசையில் அந்தச் சுருள் முன்னால் வர வேண்டும்.

அடுத்து சுருக்கம். பழைய பிலிம் நீளவாக்கில் சுருங்கும். சுருங்கினால் துளைகளுக்கும் ப்ரொஜெக்டர் பல்லுக்கும் இடைவெளி பொருந்தாமல், ஓட்டின வேகத்தில் துளை கிழியும். புதுப் பிரதியில் ஒரு துளைக்கும் அடுத்த துளைக்கும் 7.62 மில்லிமீட்டர். நூறு இடைவெளி என்றால் 762. உங்கள் பிலிமில் அது 756-க்குக் கீழே இறங்கினால் பல்சக்கரம் உள்ள எந்தக் கருவியிலும் ஏற்றாதீர்கள். பல் இல்லாமல் உருளையால் இழுக்கும் ஸ்கேனர் உள்ள இடத்துக்குத்தான் அனுப்ப வேண்டும்.

இங்கே நானே விழுந்த குழி ஒன்று. நூறு துளை எண்ணினேன், ஸ்கேலை வைத்தேன், 754 சொச்சம் வந்தது. ஒரு சதவீதம் சுருங்கிவிட்டது, இனி தேறாது என்று சீட்டு எழுதி ஒட்டியும்விட்டேன். மறுநாள் இன்னொரு சுருள், அதே எண். மூன்றாவதும் அதே. பிலிம் எல்லாம் பேசி வைத்துக்கொண்டு சுருங்குமா? நூறு துளைக்கு நடுவே இருப்பது தொண்ணூற்றொன்பது இடைவெளிதான். முதல் துளையின் மேல் விளிம்பிலிருந்து நூற்றோராவது துளையின் மேல் விளிம்பு வரை அளக்க வேண்டும். அந்த ஒரு துளைக் கணக்கு, நல்ல பிலிமைச் சரியாக ஒரு சதவீதம் ‘சுருக்கி’க் காட்டும். சுருளின் தலையில் ஒரு முறை, நடுவில் ஒரு முறை அளங்கள்; வெளிச்சுற்று அதிகம் காய்ந்திருக்கும்.

4. சவுண்டீஸ்தானா என்று உறுதிசெய்யுங்கள்

விற்கிறவர் சீட்டை நம்பாதீர்கள். கறுப்பு வெள்ளை, மூன்று நிமிடம், ஒரு ஜாஸ் குழு என்றாலே ‘சவுண்டீஸ்’ என்று எழுதிவிடுகிறார்கள்.

வண்ணப் படமாக இருந்து, ஓரத்தில் காந்தப் பட்டை ஓடினால் அது 1960களின் ஸ்கோபிடோன், பிரான்சில் பிறந்த வேறு இயந்திரத்துக்கானது. அதற்கு ஒலி எடுக்கும் முறையே வேறு. ஆளைக் குழப்புவது ஸ்நேடர் டெலிஸ்க்ரிப்ஷன்கள். 1950-ஐ ஒட்டித் தொலைக்காட்சிக்காக எடுத்த இவையும் கறுப்பு வெள்ளை, இவையும் ஒரு பாட்டு நீளம். நாட் கிங் கோல், ட்யூக் எலிங்டன் போன்றவர்கள் இரண்டிலும் இருக்கிறார்கள். ஆகவே முகத்தை வைத்து முடிவு செய்ய முடியாது.

தலைப்பு அட்டையில் சவுண்டீஸ் டிஸ்ட்ரிபியூட்டிங் கார்ப்பரேஷன் ஆஃப் அமெரிக்கா என்ற பெயர் இருந்தால் வேலை சுலபம். கூடவே தயாரிப்பாளர் பெயரும் இருக்கும். மினோகோ என்றால் மில்ஸ் நாவல்டி கம்பெனியின் சுருக்கம், ஆர்.சி.எம். என்றால் ரூஸ்வெல்ட், காஸ்லோ, மில்ஸ் மூவரின் முதலெழுத்துகள். அந்த ரூஸ்வெல்ட், அப்போதைய ஜனாதிபதியின் மகன் ஜேம்ஸ்.

அடுத்து, பனோரம் பிரதியா பிற்காலப் பிரதியா? கேஸில் ஃபிலிம்ஸ், அஃபிஷியல் ஃபிலிம்ஸ் போன்றவர்கள் இதே படங்களை வீட்டு ப்ரொஜெக்டர்களுக்காகப் புதுத் தலைப்போடு, இடவலம் மாற்றாமல் அச்சிட்டு விற்றார்கள். சோதிக்க அந்த ஒரு முழத் துண்டை எடுங்கள். இரண்டையும் லைட் பாக்ஸில் படம் நிமிர்ந்து நிற்கும்படி, சவுண்ட் டிராக், அதாவது ஓரத்தில் ஓடும் ஒலிப் பட்டை, இரண்டிலும் ஒரே பக்கம் வரும்படி வையுங்கள். சாதாரணத் துண்டில் எழுத்து நேராகத் தெரியும் நிலையில், மற்றதில் எழுத்து திரும்பித் தெரிந்தால் அது பனோரம் பிரதி. துண்டு இல்லாமல் வெறும் கையில் பிடித்துப் பார்த்தால் எந்தப் பிலிமும் ஒரு பக்கம் நேராகவும் மறுபக்கம் திரும்பியும்தான் தெரியும். “எழுத்து நேராத்தான் சார் இருக்கு” என்று சொல்லி வருகிறவர்கள் மாட்டிக்கொள்வது இப்படித்தான்.

எழுத்தே இல்லாத துண்டு என்றால் கோட்டைப் பாருங்கள். ஆண்கள் கோட்டின் மேல் பை அணிந்தவரின் இடது மார்பில் இருக்கும், நேரான படத்தில் அது நமக்கு வலப்பக்கம். கைக்குட்டை மடித்துச் செருகிய பை சின்ன ஃபிரேமிலும் பளிச்சென்று தெரியும். ட்ரம்பெட்காரர் வலது கையால் வால்வை அழுத்துகிறாரா என்றும் பார்க்கலாம். கிட்டாரை மட்டும் நம்பாதீர்கள், இடது கைக்காரர்கள் உண்டு.

ஓரத்தில் கோடாக் குறிகள், அதாவது வட்டம், சதுரம், முக்கோணம் தெரிந்தால் எழுதி வையுங்கள். ஆனால் அந்தக் குறிகள் 20 ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வரும். 1943-இன் குறிதான் 1963-க்கும். தவிர மூலப் பிலிமின் குறியும் அச்சில் ஏறி வந்திருக்கலாம். அதை மட்டும் வைத்து வருடம் சொல்லக் கூடாது.

5. வெட்டாதீர்கள்

எட்டுப் படமும் சேர்ந்த வளையம் அப்படியே கிடைத்தால் அதிர்ஷ்டம். புதியவர்களுக்கு அதை எட்டாகப் பிரித்து எட்டு டப்பாவில் போடக் கை துறுதுறுக்கும். பிரித்தால் பாட்டின் தொடக்கம் போய்விடும்.

காரணம் இதுதான். 16 எம்எம் பிலிமில் படமும் அதற்குரிய ஒலியும் பக்கத்தில் பக்கத்தில் இருப்பதில்லை. ஒளி வழி படிக்கும் டிராக்கில் ஒலி 26 ஃபிரேம் முன்னால் போகும். ஆகவே இரண்டாவது படத்தின் முதல் ஒரு வினாடிச் சத்தம், முதல் படத்தின் வாலில் பதிந்திருக்கிறது. தலைப்பு அட்டையின் முதல் ஃபிரேமில் வெட்டினால் அந்தச் சத்தம் பக்கத்து டப்பாவுக்குப் போய்விடும்.

ஏற்கெனவே யாரோ பிரித்து விற்ற தனித் துண்டுதான் பெரும்பாலும் கிடைக்கும். தொடக்கம் மொட்டையாக ஒலித்தால் ஸ்கேனரைக் குறை சொல்லாதீர்கள். வாலில் சம்பந்தமில்லாத ஒரு கீற்றுச் சத்தம் இருந்தால் அது அடுத்த படத்தினுடையது. அதையும் வெட்டாமல் பதியுங்கள். அதே விற்பனையாளரிடம் மற்ற துண்டுகள் இருந்து, நீங்கள் பின்னால் வாங்கினால், தொலைந்த வினாடி அங்கே கிடைக்கும்.

வளையத்தைச் சுருளாக மாற்ற ஒரே ஒரு இடத்தில் பிரித்தாக வேண்டும். ஏற்கெனவே உள்ள ஒட்டில் பிரியுங்கள், இரண்டு முனையிலும் ஆறடி வெள்ளை லீடர் சேருங்கள், எந்த ஒட்டு என்று குறித்து வையுங்கள்.

6. நீளம், ஒட்டு, அழுக்கு

ரீவைண்டரில் மெதுவாகச் சுற்றிக்கொண்டே ஓரத்தில் கையுறை விரலை வருடுங்கள். கிழிந்த துளை விரலில் தட்டும். கண்ணுக்கு முன் விரலுக்குத்தான் தெரியும்.

நீளமும் பாருங்கள். 24 ஃபிரேம் வேகத்தில் நிமிடத்துக்கு 36 அடி, ஆக மூன்று நிமிடப் பாட்டுக்கு 108 அடி. 70 அடிதான் இருக்கிறது என்றால் ஒரு சரணம் காணாமல் போயிருக்கிறது, வாங்கும் முன்பே கேட்டுக்கொள்ளுங்கள்.

பழைய சிமென்ட் ஒட்டு, அதாவது பிலிம் பசையால் போட்ட ஒட்டு, பிரிந்திருந்தால் அதன் மேல் டேப் போடுங்கள். புது ஒட்டுக்காக ஒரு ஃபிரேம்கூட வெட்ட வேண்டாம். துடைப்பதானால் முதலில் ஓர் அங்குலத்தில் சோதித்துவிட்டுத் துடையுங்கள். மழைக்கோடு போல நீளவாக்கில் ஓடும் கீறல் இந்தப் படங்களில் சகஜம், மதுக்கூடத்தில் எத்தனையோ முறை ஓடிய பிலிம் அது. துடைத்துப் போகாது. தேய்த்தால் கூடும்.

7. படத்தை ஸ்கேன் செய்வது

ஃபிரேமை மட்டும் பிடிக்காமல் ஓரத்துத் துளையும் சவுண்ட் டிராக்கும் தெரியும்படி அகலமாகப் பிடியுங்கள். 2கே போதும். பத்து பிட்டுக்குக் குறையாமல், கறுப்பும் வெள்ளையும் முனையில் வெட்டுப்படாமல் எடுங்கள். இப்போதே படத்தைத் திருப்ப வேண்டாம். பிலிமைப் புரட்டி மாட்டினால் எழுத்து நேராகிவிடுமே என்று ஒருவராவது கேட்பார். இது ஒரு பக்கம் மட்டுமே துளை உள்ள பிலிம். புரட்டினால் துளை இருக்க வேண்டிய பக்கம் டிராக் வந்துவிடும், பல்சக்கரம் ஒலியைக் கடித்துத் துளைத்துக்கொண்டே போகும். இதைச் செய்த பிரதிகளைப் பார்த்திருக்கிறேன். டிராக் நெடுக, பல் பதிந்த அச்சு.

வேகம் 24. மென்பொருள் தானாக 25 என்று எடுத்துக்கொண்டால் பாட்டு நாலு சதவீதம் வேகமாகும், சுருதி முக்கால் அரைச்சுரம் அளவுக்கு ஏறும். பாடத் தெரிந்தவர் காதில் அது உடனே உறுத்தும்.

8. ஒலி: இங்கே அவசரப்படாதீர்கள்

வந்தவர்களில் பாதிப் பேர் படத்துக்கு இரண்டு நாளும் ஒலிக்கு இருபது நிமிடமும் கொடுக்கிறார்கள். பாட்டுப் படத்துக்கு இது தலைகீழ்.

டிராக்கைப் படிக்க இரண்டு வழி. ஸ்கேனரிலேயே ஒலி வாசிக்கும் தலை இருந்தால் அதுவே செய்யும். இல்லையென்றால், ஓரம் தெரிய எடுத்த ஸ்கேனிலிருந்து டிராக்கின் படத்தையே ஒலியாக மாற்றும் ஏஇஓ-லைட் என்ற இலவச மென்பொருள் இருக்கிறது. ஏழாவது படியில் அகலமாகப் பிடிக்கச் சொன்னது இதற்கும் சேர்த்துத்தான்.

ஒலி மொத்தமாக மங்கி, போர்வைக்குள்ளிருந்து பாடுவது போல் கேட்டால், ‘பழைய பிலிம் அப்படித்தான்’ என்று விட்டுவிடாதீர்கள். எமல்ஷன், அதாவது படம் பதிந்திருக்கும் பூச்சு, எந்தப் பக்கம் இருக்கிறதோ அந்தப் பக்கத்துக்கு ஒலித் தலையின் ஃபோகஸ் இருக்க வேண்டும். பிரதிக்குப் பிரதி இது மாறும். ஃபோகஸை அசைத்தால் சிம்பல் சத்தம் திடீரென்று விழித்துக்கொள்ளும். அந்த இடத்தில் நிறுத்துங்கள்.

பிறகு ஒத்திசைவு, அதாவது அந்த 26 ஃபிரேம் இடைவெளியை ஈடுகட்ட ஒலியை நகர்த்திப் படத்தோடு பொருத்துவது. உதட்டைப் பார்த்துச் சரிசெய்யக் கூடாது. வாயசைத்து எடுத்த படம். பாடகியே அரை அசை பிந்தியிருப்பார், ட்ரம்மர் அடிக்காத அடிக்குச் சத்தம் வரும். நீங்கள் உதட்டுக்கு ஏற்ப நகர்த்தினால் ஒரு காட்சியில் பொருந்தி அடுத்ததில் பிசகும், நாள் முழுக்க நகர்த்திக்கொண்டே இருப்பீர்கள்.

நான் நம்புவது ஒட்டை. இந்தப் பிரதியிலேயே கையால் போட்ட ஒட்டு ஏதாவது இருக்கும். அது கடக்கும்போது படம் ஒரு துள்ளு துள்ளும். ஒலியில் ‘டப்’ என்று ஒரு சத்தம் வரும். இரண்டும் ஒரே கணத்தில் வந்தால் ஒலி நகர்த்தப்படவே இல்லை என்று அர்த்தம். படம் துள்ளி 26 ஃபிரேம் கழித்து, அதாவது ஒரு வினாடிக்குக் கொஞ்சம் மேலே போய் ‘டப்’ கேட்டால் ஒத்திசைவு சரி. புதியவர்கள் இதைக் கேட்டு நேர்மாறாகப் புரிந்துகொண்டு, துள்ளலையும் டப்பையும் சேர்த்துவைத்துவிட்டுச் சந்தோஷமாக வருவார்கள். அதனால் லைட் பாக்ஸில் வைத்து விரலால் காட்டுவேன். இந்த ஒட்டுக்குப் பக்கத்தில் உள்ள சத்தம் இந்தப் படத்துக்குரியது அல்ல, இதற்கு 26 கட்டம் தள்ளி வரும் படத்துக்குரியது. எண்ணிப் பாருங்கள், விளங்கிவிடும். ஒரு நிபந்தனை: ஒட்டு உங்கள் பிரதியில் தடவினால் தட்டுப்பட வேண்டும். அச்சில் ஏறி வந்த பழைய ஒட்டின் நிழலை வைத்து அளக்காதீர்கள்.

இரைச்சல் குறைப்பை மூல வேவ் கோப்பில் போடாதீர்கள். 1940களின் 16 எம்எம் டிராக்கில் மேல் சுரங்கள் ஏற்கெனவே குறைவு. இரைச்சலோடு சேர்த்து அதையும் வழித்துவிட்டால் மிச்சம் ஒன்றும் இருக்காது.

9. இப்போது திருப்புங்கள்

பார்வைப் பிரதியில் மட்டும் இடவலம் திருப்பி, ஃபிரேமுக்கு வெட்டி, ஒலியைச் சேர்த்து எடுங்கள். மூல ஸ்கேன் திருப்பாமலே இருக்கட்டும். ஓரக் குறிகளை நாளைக்கு யாராவது படிக்க வேண்டுமென்றால் அதில்தான் படிப்பார்கள், தவிர இது பனோரம் பிரதி என்பதற்கு அந்தத் திரும்பிய படமே சாட்சி. கோப்பின் பெயரிலேயே ‘திருப்பியது’, ‘திருப்பாதது’ என்று எழுதுங்கள். எழுதாவிட்டால் ஆறு மாதம் கழித்து இன்னொருவர் நல்லெண்ணத்தோடு மறுபடியும் திருப்பிவிடுவார்.

10. பெயர் எழுதுவது

திரையில் உள்ள தலைப்பை அப்படியே எழுதுங்கள், பாட்டின் பெயரைத் தனிக் கட்டத்தில் எழுதுங்கள். இரண்டும் ஒன்றாக இருக்க வேண்டிய அவசியமில்லை. எலிங்டன் குழுவின் ‘ஹாட் சாக்லெட்’ படத்தில் வாசிப்பது ‘காட்டன் டெய்ல்’. ‘ஜாம் செஷன்’ படத்தில் வாசிப்பது ‘சி ஜாம் ப்ளூஸ்’. பாட்டுப் பெயரை மட்டும் எழுதினால் தேடுகிறவருக்குப் படம் அகப்படாது.

திரையில் ஆடுகிறவர் ஒருவர், ஒலியில் பாடுகிறவர் வேறொருவர் என்ற வழக்கமும் உண்டு. நமக்கு இது புதிதில்லை. ஆகவே ‘திரையில்’, ‘ஒலியில்’ என்று இரண்டு கட்டம் போடுங்கள். தெரியாத கட்டத்தை வெறுமையாக விடுங்கள். ஊகத்தை எழுதினால் அது நாலு இடத்தில் நகலாகி உண்மையாகிவிடும்.

சில படங்களில் கறுப்பினத்தவரையும் மற்றவர்களையும் கேலிச் சித்திரமாகக் காட்டியிருப்பார்கள். வெட்டாதீர்கள், குறிப்பில் சொல்லிவிடுங்கள். அதே வரிசையில்தான் டோரதி டான்ட்ரிட்ஜும் ஃபேட்ஸ் வாலரும் சிஸ்டர் ரோசெட்டா தார்ப்பும் இருக்கிறார்கள்.

11. டப்பாவுக்குத் திரும்புவதும் இணையத்துக்குப் போவதும்

பிலிமைத் துருப்பிடித்த பழைய தகரத்தில் திரும்பப் போடாதீர்கள். காற்றுப் போகும் பிளாஸ்டிக் டப்பா, குளிர்ந்த உலர்ந்த இடம். பழைய தகரத்தின் மேல் ஒட்டிய சீட்டை மட்டும் படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள், அதில் நிரல் எண் இருக்கலாம்.

ஏற்றுவதற்கு முன் உரிமை. அமெரிக்கச் சட்டப்படி 1964-க்கு முன் வெளியான படத்துக்கு 28-வது ஆண்டில் உரிமையைப் புதுப்பித்திருக்க வேண்டும். 1941-இல் வந்த படம் என்றால் 1969 வாக்கில். புதுப்பிக்காத படம் பொதுவுடைமை. ஆனால் அது படத்துக்கு மட்டும். உள்ளே ஒலிக்கும் பாட்டின் உரிமை தனி. அதைப் பதிப்பாளர் புதுப்பித்திருந்தால் 1941-இல் உரிமை பதிவான பாட்டு 2036 முடியும் வரை அவர்களுடையது. “படம் பொதுவுடைமைதானே” என்று ஏற்றியவர்களுக்கு இசைப் பதிப்பாளரிடமிருந்து உரிமைகோரல் வருவது இதனால்தான். புதுப்பித்தல் பதிவுகளைப் படத்தின் பெயரில் ஒரு முறையும் பாட்டின் பெயரில் ஒரு முறையும் தேடுங்கள். பத்தாவது படியில் இரண்டு பெயரையும் தனித்தனியாக எழுதியிருந்தால் இது பத்து நிமிட வேலை.